தொலைந்த நூல்கள் கிடைத்ததால்தான் மறுமலர்ச்சி வந்ததா?

கேள்வி இதுதான்: மறுமலர்ச்சிக் காலத்தில் பழைய லத்தீன் நூல்களை மடாலயங்களிலிருந்து கண்டெடுத்தார்கள், அதனால் ஐரோப்பா விழித்துக்கொண்டது என்று பள்ளிக்கூடத்தில் படித்தோமே, அது எவ்வளவு தூரம் உண்மை? இன்றைய ஆய்வாளர்கள் என்ன சொல்கிறார்கள்? லத்தீன் தெரியாத ஒருவர் இதை எங்கிருந்து படிக்க ஆரம்பிக்கலாம்?

கண்டெடுத்தது உண்மை. அதனால் விழித்துக்கொண்டார்கள் என்பதுதான் இடிக்கிறது. என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், விவரத்துக்குப் பிறகு வருவோம்: புத்தகம் கிடைத்ததைவிட அதை அவர்கள் படித்த விதம்தான் பெரிய மாற்றம். இந்த வரி எந்தக் காலத்தில் எழுதப்பட்டது, இந்தச் சொல் அப்போது புழக்கத்தில் இருந்ததா, இந்தப் பிரதி எதைப் பார்த்து எழுதப்பட்டது என்றெல்லாம் கேட்கப் பழகினார்கள். பழகியதும், ரோமானியப் பேச்சாளர் சிசரோவும் கவிஞர் வர்ஜிலும் தங்களோடு வாழ்பவர்கள் இல்லை, ஆயிரத்து முந்நூறு, நானூறு வருடத்துக்கு முன்னால் செத்துப்போன வேறொரு உலகத்து மனிதர்கள் என்று உறைத்தது.

முதலில், லத்தீன் எங்கேயும் தொலையவில்லை. இடைக்காலம் முழுக்கத் திருச்சபை, பல்கலைக்கழகம், சட்டம், மருத்துவம் எல்லாம் லத்தீனில்தான் ஓடின. வர்ஜில் பள்ளிப் பாடமாக இருந்துகொண்டேதான் இருந்தார். கவிஞர் ஓவிட் 12, 13ஆம் நூற்றாண்டுகளில் சக்கைப்போடு போட்டார். நட்பைப் பற்றியும் முதுமையைப் பற்றியும் சிசரோ எழுதியவை கைமாறிக்கொண்டிருந்தன. தொலைந்திருந்தவை குறிப்பிட்ட சில: சிசரோவின் கடிதங்கள், அவருடைய மேடை உரைகளில் பல, பேச்சுக்கலை ஆசிரியர் குவிண்டிலியனின் முழு நூல், கவிஞர் லுக்ரிஷியஸ், வரலாற்றாசிரியர் டாசிட்டஸின் பெரும்பகுதி. தொலைந்தன என்றால் மண்ணுக்குள் புதைந்தன என்று அர்த்தமில்லை, ஏதோ ஒரு மடத்து அலமாரியில் யாரும் பிரதி எடுக்காமல் கிடந்தன, அவ்வளவுதான். அங்கே கொண்டுபோய் வைத்தது யார் என்று பார்த்தால், பெரும்பாலும் 9ஆம் நூற்றாண்டில், சார்லமேனும் அவர் வாரிசுகளும் ஆண்ட காலத்தில் இருந்த துறவிகள். ரோமானியர் காலத்திலேயே எழுதப்பட்ட பிரதிகள் மிக அரிது. இன்று நம் கையில் இருக்கும் லத்தீன் செவ்வியல் நூல்களில் பெரும்பாலானவை அந்தத் துறவிகள் தோல்தாளில் எழுதி வைத்ததால் பிழைத்தவை. அந்த இடைக்காலத்தைத்தான் ஹியூமனிஸ்டுகள், அதாவது பழைய லத்தீனை மீட்கக் கிளம்பிய மறுமலர்ச்சிக்கால அறிஞர்கள், இருட்டு என்று திட்டித் தீர்த்தார்கள்.

எழுத்து வடிவத்திலும் இதே கூத்து. 1400ஐ ஒட்டி ஃபிளாரன்ஸில் சில இளைஞர்களுக்குத் தங்கள் காலத்துக் கோதிக் எழுத்து கண்ணைக் குத்தியது. பழைய பிரதிகளில் பார்த்த தெளிவான, உருண்டையான எழுத்தைப் பின்பற்றி எழுத ஆரம்பித்து, அதற்குப் 'பழைய எழுத்து' என்றே பெயரும் வைத்தார்கள். ஆனால் அது ரோமானியரின் கையெழுத்து இல்லை. அவர்கள் மதிக்காத அதே துறவிகளின் கையெழுத்து. 1470இல் வெனிஸில் நிக்கோலா ஜென்சன் வார்த்த அச்செழுத்து இந்த வழியில் வந்தது, இன்று ஆங்கிலப் புத்தகங்களில் பார்க்கும் ரோமன் எழுத்தின் வம்சமும் அதுதான். சாய்வெழுத்தும் இதே கூட்டத்தின் வேகக் கையெழுத்திலிருந்து வந்ததுதான். 1501இல் வெனிஸ் அச்சகக்காரர் ஆல்டஸ் மனூட்டியஸ் கைக்கு அடக்கமான ஒரு வர்ஜிலை முழுக்க அதில் அச்சிட்டார்.

சரி, 14ஆம் நூற்றாண்டு இத்தாலியக் கவிஞர் பெட்ரார்க்குக்கு வருவோம். 1333இல் லியேஜ் நகரில் சிசரோவின் உரைகள் இரண்டு அவருக்குக் கிடைத்தன. பிரதி எடுக்கலாம் என்றால் அந்த ஊரில் மை கிடைப்பதே பெரும்பாடாக இருந்தது, கிடைத்ததும் குங்குமப்பூ மாதிரி மஞ்சளாக இருந்தது என்று பிற்காலத்தில் எழுதியிருக்கிறார். 1345இல் வெரோனாவில் கிடைத்தது அதைவிடப் பெரிய புதையல், சிசரோ தன் நண்பர் ஆட்டிகஸுக்கு எழுதிய கடிதங்கள். அதுவரை பெட்ரார்க் அறிந்திருந்த சிசரோ அமைதியான ஞானி. கடிதங்களில் இருந்தவரோ அரசியலில் இன்று ஒருவரை நம்பி நாளை இன்னொருவரிடம் போய், பயந்து, புலம்பி, வயதான காலத்தில் வீண்வம்பை விலைக்கு வாங்குபவர். பெட்ரார்க்கால் தாங்க முடியவில்லை. உட்கார்ந்து சிசரோவுக்கே ஒரு கடிதம் எழுதினார். உனக்கு ஏன் இந்தச் சண்டையெல்லாம், நீயே எழுதிய அறிவுரையை நீயே கேட்கக் கூடாதா என்ற தொனி. கடிதத்தின் அடியில் இடமும் தேதியும் இருக்கின்றன: உயிரோடிருப்பவர்களின் உலகத்திலிருந்து, அடிஜே ஆற்றின் வலக்கரையில், வெரோனாவில், ஜூன் 16, நீ அறிந்திராத அந்தக் கடவுள் பிறந்து 1345ஆம் ஆண்டு.

சிசரோ வேறொரு உலகத்து மனிதர் என்று நான் முதலில் சொன்னேனே, அந்தத் தூரம் இந்தத் தேதியில் அப்படியே இருக்கிறது. இடைக்காலத் துறவி ஒருவர் சிசரோவை மேற்கோள் காட்டும்போது அவரை வேற்று ஆளாக நினைக்கவே மாட்டார், கிட்டத்தட்டக் கிறிஸ்தவராகவே ஆக்கிவிடுவார். பெட்ரார்க் அன்பு குறையாமலே, உன் உலகம் வேறு, என் உலகம் வேறு என்கிறார். அந்தக் கடிதங்களைத் தன் கையாலேயே பெரிய தொகுதியாகப் பிரதி எடுத்தும் வைத்திருந்தார். கதவோரம் சாய்த்து வைத்திருந்த அந்தத் தொகுதி ஒருநாள் அங்கி பட்டு அவர் இடது காலில் விழுந்தது, எடுத்து வைத்தால் மறுபடியும் அதே இடத்தில் விழுந்தது, புண் ஆறாமல் வைத்தியம் பார்க்க வேண்டியதாயிற்று. என் சிசரோவே என்னைக் காயப்படுத்திவிட்டார் என்று நண்பருக்கு வேடிக்கையாக எழுதினார்.

அடுத்து போஜ்ஜோ பிராச்சோலினி. பாப்பரசரின் செயலகத்தில் வேலை. கான்ஸ்டன்ஸ் நகரில் கூடிய திருச்சபைப் பொதுச்சங்கத்துக்குப் போன இடத்தில், 1415இல், அவருடைய பாப்பரசரையே பதவியிலிருந்து இறக்கிவிட்டார்கள். வேலை இல்லை, நேரம் நிறைய. 1416 கோடையில் நண்பர்கள் இருவரோடு பக்கத்திலிருந்த சாங்க்ட் காலன் மடத்துக்குப் போனார். அதுவரை இத்தாலியில் ஓட்டையும் உடைசலுமாகவே கிடைத்துவந்த குவிண்டிலியனின் பேச்சுக்கலை நூல் அங்கே முழுசாக இருந்தது. தூசியும் பூஞ்சையும் படிந்து, ஒரு கோபுரத்தின் அடியில், மரண தண்டனைக் கைதியைக்கூட அடைக்கத் தகாத இருட்டறையில் கிடந்தது என்று பள்ளி ஆசிரியரான நண்பர் குவாரினோவுக்கு எழுதுகிறார். இந்தக் கடிதத்தைக் கொஞ்சம் சந்தேகத்தோடுதான் படிக்க வேண்டும். நூலைச் சிறையிலிருக்கும் பெரிய மனிதராகவும் தன்னை மீட்க வந்தவராகவும் காட்டும் அந்த உத்தியே பேச்சுக்கலையில் பழகிய கை எழுதியது. அத்தனை நூற்றாண்டுகள் அதைக் காப்பாற்றிய துறவிகள் கதையில் வில்லன்களாகிவிட்டார்கள்.

1417இல் அவர் ஜெர்மன் பகுதியில் ஒரு மடத்தில் லுக்ரிஷியஸைக் கண்டெடுத்தார். எல்லாம் அணுக்களால் ஆனது, கடவுளர் உலக விஷயத்தில் தலையிடுவதில்லை, ஆன்மா உடலோடு அழியும் என்று பாடும் நெடுங்கவிதை. இது வெளியே வந்ததும் ஐரோப்பியச் சிந்தனையே திசை மாறியது என்ற கதை இப்போது மிகப் பிரபலம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் நடந்தது என்ன? போஜ்ஜோ ஒரு பிரதியை ஃபிளாரன்ஸில் இருந்த நண்பர் நிக்கோலோ நிக்கோலிக்கு அனுப்பினார். நிக்கோலி அதைப் பத்து வருடத்துக்கும் மேல் திருப்பித் தரவில்லை. நூலைக் கண்டெடுத்தவரே அதைப் படிக்க முடியாமல், அனுப்பு அனுப்பு என்று கடிதம் எழுதிக்கொண்டிருந்தார். முதல் அச்சுப் பதிப்பு 1473இல்தான்.

அச்சில் வந்த பிறகாவது வாசகர்கள் அணுக்களைப் பார்த்து ஆடிப்போனார்களா? ஏடா பால்மர் என்ற வரலாற்றாசிரியர், அந்தக் காலத்துப் பிரதிகளிலும் பதிப்புகளிலும் வாசகர்கள் ஓரத்தில் கிறுக்கிய குறிப்புகளை ஒவ்வொன்றாகப் பார்த்து 2014இல் தன் ஆய்வை வெளியிட்டார். பெரும்பாலானவர்கள் குறித்துவைத்தது அரிய சொற்கள், இலக்கணம், பிரதியிலிருந்த பிழைகளின் திருத்தம், வர்ஜில் எந்த வரியை இங்கிருந்து எடுத்தார் என்பது. அணு பற்றிய பகுதிகளைக் குறிப்பே எழுதாமல் தாண்டிப் போனவர்கள் ஏராளம். விதிவிலக்குகளில் ஒருவர் அரசியல் சிந்தனையாளர் மாக்கியவெல்லி. முழுக் கவிதையையும் தன் கையால் பிரதி எடுத்திருக்கிறார், அது இன்று வத்திக்கானில் இருக்கிறது. அவர் குறிப்பு எழுதியிருப்பது அணுக்கள் திசை விலகும் இடத்திலும் மனத்தின் சுதந்திரம் பற்றிய இடத்திலும். பிரான்சில் கட்டுரையாளர் மோன்தேன் குறிப்பெழுதிப் படித்த பிரதியும் கிடைத்திருக்கிறது, அது 1563ஆம் வருடப் பதிப்பு. ஆக, நூல் கிடைத்ததற்கும் அதைக் கருத்துக்காகப் படிக்கும் கூட்டம் உருவானதற்கும் நடுவில் ஒரு நூற்றாண்டுக்கு மேல் ஓடியிருக்கிறது. அந்த இடைவெளியில் இலக்கணப் புலிகள் உட்கார்ந்து பிழை திருத்திக்கொண்டிருந்தார்கள். அவர்கள் திருத்திய பிறகுதான் நூல் படிக்கும் நிலைக்கே வந்தது என்பதையும் மறந்துவிடக் கூடாது.

பிழை திருத்துவது என்றால் சும்மா இல்லை. எனக்கு இந்த முழுக் கதையிலும் மிகப் பிடித்த இடம் இதுதான், கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். ஆஞ்செலோ போலிசியானோ, மெதிச்சி குடும்பத்தின் ஆதரவில் வாழ்ந்த கவிஞர், பெரிய படிப்பாளி. சிசரோ பல நண்பர்களுக்கு எழுதிய கடிதங்களின் தொகுப்பு அவர் காலத்தில் ஏகப்பட்ட பிரதிகளில் கிடைத்தது. வழக்கமாக என்ன செய்வார்கள் என்றால், நாலைந்து பிரதிகளை விரித்து வைத்து, எது நன்றாகத் தோன்றுகிறதோ அந்தப் பாடத்தை எடுத்துக்கொள்வார்கள். போலிசியானோ ஃபிளாரன்ஸில் இரண்டு பிரதிகளைப் பார்த்தார். ஒன்று மிகப் பழையது. மற்றது அதைப் பார்த்து எழுதியது, 1392இல் ஃபிளாரன்ஸின் தலைமைச் செயலரான சலுத்தாத்திக்காக எடுக்கப்பட்டது. இந்தப் புதிய பிரதியைத் தைத்த பைண்டர் தாள்கட்டு ஒன்றை இடம் மாற்றித் தைத்துவிட்டார். அதனால் கடிதங்களின் வரிசை ஓரிடத்தில் குழம்பிக் கிடந்தது. மற்ற பிரதிகளை எடுத்துப் பார்த்தால், அவற்றில் தாள்கட்டெல்லாம் சரியாகத்தான் இருக்கிறது, ஆனால் வரிசை மட்டும் அதே இடத்தில், அதே மாதிரி குழம்பியிருக்கிறது.

அப்படியானால் அவை எல்லாமே தைத்ததில் தப்பான அந்த ஒரே பிரதியின் பிள்ளைகள். ஐம்பது பிரதி ஒரே பாடத்தைச் சொன்னாலும் அது ஒரு சாட்சிதான், அந்தச் சாட்சிக்கும் மூலம் கையில் இருப்பதால் அதுவும் தேவையில்லை. 1489இல் வெளியான நூலில் இதை எழுதிவிட்டு நகர்ந்துவிட்டார். பாடபேதங்களை, அதாவது பிரதிக்குப் பிரதி மாறும் சொற்களை, எண்ணிக்கையால் தீர்க்காமல் வம்சாவளியால் தீர்க்கும் முறை இங்கே தெளிவாகத் தெரிகிறது. 19ஆம் நூற்றாண்டில்தான் ஜெர்மானியர்கள் இதை முழு முறையாக வளர்த்தார்கள். 1850இல் லுக்ரிஷியஸைப் பதிப்பித்த கார்ல் லாக்மன், என்றோ அழிந்துபோன மூலப்பிரதியில் பக்கத்துக்கு 26 வரி இருந்தது என்று கணக்குப் போட்டுச் சொல்லும் அளவுக்குப் போனார். இன்று எந்த மொழியிலும் ஆய்வுப் பதிப்பு போடுபவர்கள், லாக்மனை ஏற்றாலும் திட்டினாலும், எந்தப் பிரதி எதைப் பார்த்து எழுதப்பட்டது என்ற கேள்வியைத் தாண்டிப் போக முடியாது.

இதே பழக்கம் அரசியலுக்குள் நுழைந்தபோது என்ன ஆனது என்பதற்கு லோரென்சோ வல்லா என்ற ஹியூமனிஸ்ட் உதாரணம். கான்ஸ்டன்டைன் பேரரசர் மேற்கு ரோமப் பேரரசையே பாப்பரசர் சில்வெஸ்டருக்குத் தானமாகக் கொடுத்தார் என்று ஓர் ஆவணம் இருந்தது. பாப்பரசர்களின் அதிகாரக் கோரிக்கைக்கு அது பெரிய துணை. 1440இல் வல்லா அது போலி என்று எழுதினார். 4ஆம் நூற்றாண்டு ரோமப் பேரரசர் தன் ஆணையில் 'சத்ரப்' என்று எழுதுவாரா, அது பாரசீக ஆளுநருக்கான பெயர் ஆயிற்றே, ரோமாபுரியில் ஏது சத்ரப் என்று பிடித்துக்கொள்கிறார். கான்ஸ்டான்டிநோபிள் நகரம் எழும்புவதற்கு முன்பே அந்த ஆவணம் அதை முதுபெரும் ஆயர் பீடமாகப் பட்டியலிடுவதைப் பார்த்துச் சிரிக்கிறார். அந்தக் காலத்தில் துணிப்பட்டையாக இருந்த முடியணியை ஆவணம் தங்கக் கிரீடமாக நினைத்துப் பேசுகிறதே என்கிறார்.

இதை வைத்து வல்லாவைத் தனி ஒரு ஆளாக நின்று உண்மையைத் தேடிய விஞ்ஞானியாகக் காட்டுவது வழக்கம். அவ்வளவு எளிதில்லை. அப்போது அவர் அரகான் மன்னர் அல்ஃபோன்சோவின் சம்பளத்தில் இருந்தார், மன்னருக்கும் பாப்பரசர் நான்காம் யூஜினுக்கும் நேப்பிள்ஸ் விஷயத்தில் தகராறு. ஆவணத்தின் மீது சந்தேகம் எழுப்பியதிலும் வல்லா முதல் ஆள் இல்லை, 1433இலேயே நிக்கோலாஸ் குசானஸ் எழுப்பிவிட்டார். வல்லாவின் நூலிலும் மொழி ஆய்வு ஒரு பகுதிதான். கான்ஸ்டன்டைனின் மகன்கள் எழுந்து நின்று அப்பா எங்கள் சொத்தை ஏன் தானம் கொடுக்கிறீர்கள் என்று பேசுவதுபோலக் கற்பனை உரைகள் பக்கம் பக்கமாக இருக்கின்றன. அதாவது சிசரோ பாணியில் ஒரு வழக்கறிஞர் வாதம். எட்டு வருடம் கழித்து 1448இல் இதே வல்லா பாப்பரசரின் செயலகத்தில் வேலைக்குச் சேர்ந்தார் என்பது இன்னும் சுவையான விஷயம். நூலின் முழு வீச்சும் தெரிந்தது அச்சு வந்து, உல்ரிக் ஃபன் ஹுட்டன் அதைப் பதிப்பித்து, 1520இல் லூதர் படித்த பிறகு. புதிய ஏற்பாட்டின் மீது வல்லா எழுதிய குறிப்புகளையும் நெதர்லாந்து அறிஞர் எராஸ்மஸ்தான் 1504இல் லூவன் அருகே ஒரு மடத்தில் கண்டெடுத்து மறுவருடம் அச்சேற்றினார். 1516இல் எராஸ்மஸ் கிரேக்கப் புதிய ஏற்பாட்டைப் பதிப்பித்ததற்கு அங்கே ஒரு வேர் உண்டு. சிசரோவுக்குச் செய்த பிழை திருத்தத்தை வேதத்துக்கும் செய்யலாம் என்று துணிந்தது சின்ன விஷயமில்லை.

இவர்களை எல்லாம் முனிவர்கள் என்று நினைத்துவிட வேண்டாம். போஜ்ஜோவின் கடிதங்களில் யாரோ ஒரு மாணவன் லத்தீன் பிழைகளைக் குறித்துவைக்க, அது வல்லாவின் வேலை என்று போஜ்ஜோ நினைக்க, 1450களில் இருவருக்கும் நடந்த வசைப்போர் படிக்கப் படிக்கத் தீராது. வல்லா எழுதிய ஒரு உரையாடலில் குவாரினோ வீட்டுச் சமையல்காரனும் குதிரைக்காரனும் உட்கார்ந்து போஜ்ஜோவின் லத்தீனில் தப்புக் கண்டுபிடிக்கிறார்கள். 1435இல் பாப்பரசரின் செயலர்களுக்குள் இன்னொரு சர்ச்சை: பழைய ரோமில் தெருவில் போகிறவனும் சிசரோவின் லத்தீனையா பேசினான்? இல்லை, அவனுக்கு வேறு பேச்சுமொழி இருந்தது என்றார் லியொனார்தோ புரூனி. ஒரே லத்தீன்தான், அது சிதைந்துதான் இத்தாலியன் ஆயிற்று என்றார் ஃபிளாவியோ பியோந்தோ. எழுத்துத் தமிழும் பேச்சுத் தமிழும் வைத்திருக்கும் நமக்கு இந்தச் சண்டை சொல்லாமலே புரியும்.

அப்புறம் யாரைப் பின்பற்றி எழுதுவது என்ற பெரிய விவாதம். சிசரோ ஒருவர் போதும் என்று ஒரு கட்சி. பாவ்லோ கோர்த்தேசி அந்தக் கட்சி. அவருக்கு போலிசியானோ எழுதிய பதிலில் ஒரு வரி மிகப் புகழ்பெற்றது: உன் எழுத்தில் சிசரோ தெரியவில்லையே என்று ஒருவர் கேட்கிறார், தெரியாவிட்டால் என்ன, நான் சிசரோ இல்லையே, என் எழுத்தில் நான் தெரிகிறேன். 1528இல் எராஸ்மஸ் இந்தச் சிசரோ பக்தர்களை வைத்து ஒரு நகைச்சுவை உரையாடலே எழுதினார். அதில் நோசோபோனஸ் என்றொரு பாத்திரம். ஏழு வருடமாகச் சிசரோவைத் தவிர வேறு நூலைத் தொடவில்லை. சிசரோ பயன்படுத்திய சொற்களுக்கு அகராதி, அதுவும் எந்தச் சொல்லின் எந்த வடிவத்தைப் பயன்படுத்தினார் என்பது வரை. சிசரோவிடம் இல்லாத வேற்றுமை வடிவத்தையோ வினை வடிவத்தையோ தானும் எழுத மாட்டார். இரவில் சத்தமே நுழையாத அறையில் உட்கார்ந்து எழுதுவார், சாப்பாடு பத்துச் சின்ன உலர் திராட்சையும் சர்க்கரை பூசிய மூன்று மல்லி விதையும். குளிர்கால இரவு முழுக்க உழைத்தால் ஒரு வாக்கியம் வரும்.

சிரிப்புக்கு அடியில் எராஸ்மஸ் சொல்வது கனமானது. சிசரோ வாழ்ந்த ரோமில் இருந்த செனட், கோயில்கள், சடங்குகள், பதவிகள் ஒன்றுகூட இன்றில்லை. இன்றைய உலகத்தைப் பற்றிப் பேசச் சிசரோவின் சொல் மட்டும் போதும் என்பவர் சிசரோவைப் போலப் பேசுகிறவர் இல்லை, ஏனென்றால் சிசரோ தன் காலத்துக்குப் பொருத்தமாகப் பேசினார். 1509இல் ரோமில், பாப்பரசர் இரண்டாம் ஜூலியஸ் முன்னிலையில், பெரிய வெள்ளியன்று தான் கேட்ட ஒரு பிரசங்கத்தையும் எடுத்துக் காட்டுகிறார். பிரசங்கி ரோமானிய வீரர்களின் தியாகங்களைப் பற்றி அழகாகப் பேசினார், கிறிஸ்துவைப் பற்றிப் பேசத்தான் நேரமில்லை. பெட்ரார்க்கின் தேதி வரி, வல்லாவின் சத்ரப், எராஸ்மஸின் இந்த வாதம், மூன்றும் ஒரே இழையில் கோத்தவை. ஸ்காலிஜர் போன்ற சிசரோ பக்தர்கள் எராஸ்மஸ் மீது பாய்ந்து பாய்ந்து எழுதினார்கள், அது வேறு கதை.

இந்தத் தூய்மைவாதம்தான் உயிரோடிருந்த லத்தீனைக் கொன்றது என்று ஒரு பழைய குற்றச்சாட்டு உண்டு. எனக்கு உடன்பாடில்லை. மோரின் உட்டோப்பியா 1516, கோப்பர்நிக்கஸும் வெசாலியஸும் 1543, நியூட்டனின் பிரின்சிபியா 1687, எல்லாம் லத்தீன். செத்த மொழிக்கு இவ்வளவு வேலை இருக்காது.

கிரேக்கத்தைச் சுருக்கமாக முடித்துவிடுகிறேன், அது தனிக் கேள்விக்கு உரியது. 1453இல் கான்ஸ்டான்டிநோபிள் வீழ்ந்ததும் அறிஞர்கள் ஓடிவந்து மறுமலர்ச்சியைத் தொடங்கினார்கள் என்பது தேதியிலேயே தப்பு. மானுவேல் கிரிசோலோராஸ் ஃபிளாரன்ஸில் கிரேக்கம் கற்பிக்க வந்தது 1397இல். மேலும் பெரும்பாலோர் பிளேட்டோவைப் படித்தது ஃபிளாரன்ஸ் தத்துவ அறிஞர் ஃபிச்சினோவின் லத்தீன் மொழிபெயர்ப்பில், அது அச்சானது 1484இல்.

அச்சைப் பற்றியும் ஒரு வார்த்தை. இத்தாலிக்கு அச்சு கொண்டுவந்த ஸ்வைன்ஹைம், பன்னார்ட்ஸ் என்ற இரு ஜெர்மானியர்கள் சிசரோ, வர்ஜில், லிவி என்று வரிசையாகப் போட்டுத் தள்ளினார்கள், பெரும்பாலும் 275 படிகள். 1472இல் பாப்பரசருக்கு விண்ணப்பம் போனது: வீடு நிறைய விற்காத தாள், சாப்பிட ஒன்றும் இல்லை. செவ்வியல் நூல்களுக்கு ஐரோப்பாவே தவம் கிடந்தது என்று எழுதுபவர்கள் இந்த விண்ணப்பத்தை ஒருமுறை படிக்கலாம்.

ஆய்வாளர்களைப் பற்றிக் கேட்டீர்கள். 1859இல் கேயோர்க் ஃபோய்க்ட் செவ்வியல் மீட்பைப் பெட்ரார்க்கிலிருந்து தொடங்கி எழுதினார். மறுவருடம் வந்த யாக்கோப் புர்க்ஹார்ட்டின் நூல்தான் நாம் பள்ளியில் படித்ததற்கெல்லாம் தாத்தா. ஆனால் அவரே, பழமையை மீட்டது மட்டும் போதாது, அது இத்தாலிய மக்களின் இயல்போடு சேர்ந்ததுதான் காரணம் என்று எழுதியவர். 20ஆம் நூற்றாண்டில் நாஜிகளிடமிருந்து தப்பி அமெரிக்கா போன இருவர் எதிரெதிர்க் கட்சிகள். ஹான்ஸ் பாரோன், மிலானின் படையெடுப்பு மிரட்டலில் 1402ஐ ஒட்டிப் ஃபிளாரன்ஸில் குடிமைச் சிந்தனை பிறந்தது, புரூனி அதன் குரல் என்றார். பவுல் ஆஸ்கர் கிறிஸ்டெல்லர், ஹியூமனிசம் தத்துவமே இல்லை, அது இலக்கணம், பேச்சுக்கலை, கவிதை, வரலாறு, அறநூல் என்ற ஐந்து பாடங்களைப் படித்துக் கடிதமும் உரையும் எழுதிப் பிழைத்தவர்களின் தொழில் என்றார். நான் பெரும்பாலும் கிறிஸ்டெல்லர் பக்கம். பாரோனின் கதையில் புரூனி சொல்வதை அப்படியே நம்ப வேண்டியிருக்கிறது. புரூனி தன் ஃபிளாரன்ஸ் புகழுரையை பழைய கிரேக்கப் பேச்சாளர் ஏலியஸ் அரிஸ்டைடிஸ் ஏதென்ஸுக்கு எழுதிய புகழுரையை மாதிரியாக வைத்துக் கட்டியவர். ஆனால் கிறிஸ்டெல்லரின் விளக்கத்தில் ஏன் இத்தனை பேர் இதற்காக இப்படி உயிரை விட்டார்கள் என்பதற்குப் பதில் இல்லை, அதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். அவருடைய உண்மையான கொடை, நூலகம் நூலகமாகப் போய்ப் பட்டியலில் ஏறாத கையெழுத்துப்படிகளைக் குறித்துத் தந்த ஆறு பெரிய தொகுதிகள். பின்னால் வந்த ரொனால்ட் விட், தொடக்கத்தைப் பெட்ரார்க்குக்கு இரண்டு தலைமுறை முன்னே தள்ளி, பாதுவாவின் லோவாத்தோ என்ற நீதிபதியிடம் கொண்டுபோய் நிறுத்தினார்.

பள்ளிகளைப் பற்றி ஆந்தனி கிராஃப்டனும் லிசா ஜார்டினும் 1986இல் எழுதியது பலருக்குக் கசந்தது. குவாரினோவின் வகுப்பறை நல்ல மனிதர்களை உருவாக்கியது என்று எல்லோரும் சொல்லிக்கொண்டிருக்க, அங்கே நடந்தது என்ன என்று பார்த்தார்கள். வரி வரியாகச் சொற்பொருள், இலக்கணம், புராணக் குறிப்பு, மனப்பாடம், நோட்டில் எழுதுவது, மறுநாள் ஒப்பிப்பது. இதில் ஒழுக்கம் எங்கே வந்தது? யாருக்கு வேலை கிடைத்தது என்பதும் கேட்க வேண்டியதுதான். வெரோனாவின் இசோத்தா நொகரோலா ஆண்களுக்குச் சமமாக லத்தீன் எழுதியவர். குவாரினோவுக்குக் கடிதம் போட்டு, பதில் வராமல் ஊரார் கேலிக்கு ஆளாகி, மறுபடி எழுதிய பிறகுதான் அவரிடமிருந்து பதில் வந்தது. ஆண்களுக்கு அதே லத்தீன் செயலர் பதவியைத் தந்தது.

ஆனால் அந்த நோட்டுப்புத்தகப் பழக்கம் எங்கெல்லாம் போயிற்று என்று பாருங்கள். ஷேக்ஸ்பியருக்குக் கொஞ்சம் லத்தீன்தான் தெரியும் என்று பென் ஜான்சன் 1623இல் எழுதினார். ஜான்சன் அளவுகோலில் கொஞ்சம். ஷேக்ஸ்பியரின் கடைசிக் கால நாடகமான 'டெம்பெஸ்ட்'டில் புரோஸ்பெரோ தன் மந்திர சக்தியைத் துறக்கும் பேச்சு, ஓவிடின் 'மெட்டமார்ஃபசிஸ்' காவியத்தின் ஏழாம் காண்டத்தில் சூனியக்காரி மெடியா பேசுவதிலிருந்து வருகிறது. கோல்டிங்கின் 1567 மொழிபெயர்ப்பும் பக்கத்தில் இருந்தது, லத்தீன் மூலமும் இருந்தது என்பது சொற்களிலேயே தெரிகிறது. இயேசு சபையின் 1599 கல்வித் திட்டம் சிசரோவை உரைநடைக்கு மாதிரியாக வைத்தது. அந்தப் பள்ளிகளின் வார்ப்பில் வந்தவர்தான் 1680இல் இத்தாலியில் பிறந்த பெஸ்கி, நம் வீரமாமுனிவர். தமிழ் இலக்கணத்தை லத்தீனில் எழுதியதும் திருக்குறளின் முதல் இரண்டு பாலை லத்தீனில் பெயர்த்ததும் அந்தப் படிப்பின் நீட்சி.

கடைசிக் கேள்வி, எங்கிருந்து தொடங்குவது. இந்தக் காலத்து லத்தீன் எழுத்தே இன்று மிகக் குறைவாகப் படிக்கப்படுகிறது. 19ஆம் நூற்றாண்டில் ஒவ்வொரு தேசமும் தன் தாய்மொழி இலக்கியத்தைத் தேடியபோது, இத்தாலியர் எழுதிய லத்தீன் யாருக்கும் சொந்தமில்லாமல் போயிற்று என்று கிறிஸ்டோபர் செலென்சா 2004இல் எழுதினார், அது சரியான கணிப்பு. 2001 முதல் ஹார்வர்டு பல்கலைக்கழக அச்சகம் ஒரு பக்கம் லத்தீனும் எதிர்ப்பக்கம் ஆங்கிலமுமாக ஐ தாத்தி வரிசையில் இவற்றை வெளியிட்டு வருகிறது. நீல அட்டை, கண்ணில் பட்டால் விடாதீர்கள். லத்தீன் தெரியாமலே படிக்கலாம். முதலில் பெட்ரார்க் செத்துப்போன பழைய எழுத்தாளர்களுக்கு எழுதிய கடிதங்கள், பிறகு வல்லாவின் தானப்பத்திர வாதம், பிறகு எராஸ்மஸின் சிசரோ உரையாடல். மூன்றும் சுவாரசியமானவை, மூன்றும் சின்னவை. பெட்ரார்க்கின் 'ஆஃப்ரிக்கா'வில் மட்டும் தொடங்கிவிடாதீர்கள். ரோமானியத் தளபதி ஸ்கிப்பியோவைப் பற்றிய அந்த லத்தீன் காப்பியத்தை எழுதிக்கொண்டிருக்கிறார் என்ற பேச்சுக்கே 1341இல் ரோமில் அவருக்குக் கவி மகுடம் சூட்டினார்கள், அதற்குப் பிறகு முப்பது வருடத்துக்கும் மேல் திருத்திக்கொண்டே இருந்தார், அப்படியும் முடியவில்லை. அவர் இறந்த பிறகு நண்பர்கள் ஆவலோடு திறந்து பார்த்து ஏமாந்ததுதான் மிச்சம்.